அந்தப் பவர் பத்திரத்தில் இப்போதைக்குக் கையெழுத்து வேண்டாம், அம்மா

கேள்வி:

வணக்கம் ஐயா. கடலூர் வண்டிப்பாளையத்திலிருந்து எழுதுகிறேன். என் கணவர் நெய்வேலியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஓய்வுப் பணத்தில் 2006இல் இங்குள்ள மாலில், முதல் மாடியில், 180 சதுர அடிக் கடை ஒன்றைத் தன் பெயரில் வாங்கினார். அதில் நான் பிளவுஸ் தைத்துக் கொடுக்கிறேன். இரண்டு பெண்கள் என்னிடம் வேலை செய்கிறார்கள். கணவர் 2019இல் காலமாகிவிட்டார். உயில் எழுதவில்லை. மகன் பெங்களூரில் இருக்கிறான், மகளைச் சிதம்பரத்தில் கட்டிக் கொடுத்திருக்கிறேன். மாமியாருக்கு 84 வயது, பண்ருட்டியில் மைத்துனர் வீட்டில் இருக்கிறார்.

ஒரு காலத்தில் பண்ருட்டி, நெய்வேலி, குறிஞ்சிப்பாடியிலிருந்தெல்லாம் ஜனங்கள் வந்த மால் இது. இப்போது என் மாடியில் பாதிக்கு மேல் ஷட்டர் இறங்கிக் கிடக்கிறது. எஸ்கலேட்டர் நின்று ஐந்து வருடம் ஆகிறது. இதை இடித்துவிட்டு கீழே கடைகள், மேலே ஹோட்டல், அதற்கு மேலே வீடுகள் என்று கட்டப் போகிறார்களாம். பழைய புரமோட்டரும் சென்னையிலிருந்து வந்த பில்டர் ஒருவரும் ஜெனரல் பவர் (எங்களுக்குப் பதிலாக அவர்களே எல்லாம் செய்ய அதிகாரம் தரும் பத்திரம்) கேட்கிறார்கள். எனக்குப் புதுக் கட்டடத்தில் இரண்டாம் மாடியில் 108 சதுர அடி, அதாவது பழைய கடையில் 60 சதவீதம், தருவார்களாம். பராமரிப்புப் பாக்கி 1,40,000 ரூபாய் என்று வேறு சொல்கிறார்கள். "மூன்றில் ரெண்டு பங்கு பேர் போட்டாச்சு, நீங்க போடலன்னாலும் இடிப்போம், அப்புறம் உங்களுக்கு ஒண்ணும் கிடைக்காது" என்றார்கள். இரண்டு வாரமாகத் தூக்கமில்லை. கையெழுத்துப் போடலாமா? புது மாலாவது ஓடுமா?

பதில்:

அன்புள்ள அம்மா,

இப்போது போடாதீர்கள். அவர்கள் நீட்டுகிற அந்தத் தாளில் எப்போதுமே போடாதீர்கள். வேறு ஒரு தாளில், வேறு நிபந்தனைகளோடு, உங்கள் வீட்டில் கையெழுத்துப் போட வேண்டிய எல்லோரும் சேர்ந்து போடலாம். ஏன் என்று சொல்கிறேன்.

கடிதம் வந்த வாரமே, வியாழக்கிழமை கோர்ட் முடிந்ததும் நேரே அந்த மாலுக்குப் போய்ப் பார்த்தேன். மாலை ஆறு மணி, லாரன்ஸ் ரோட்டில் நடக்க இடமில்லை. மாலுக்குள் காலடிச் சத்தம் எதிரொலிக்கிறது. 2011 டிசம்பரில் தானே புயல் உடைத்த முகப்புக் கண்ணாடிக்குப் பதிலாக அடித்த ஃபிளெக்ஸ் இன்னும் அங்கேயே வெளுத்துத் தொங்குகிறது. எஸ்கலேட்டரின் படிகளில் காலிப் பெயிண்ட் டப்பாக்கள். முதல் மாடியில் எண்ணினேன்: 34 ஷட்டர், திறந்திருந்தவை 9. நடைபாதை விளக்குகள் எரியவில்லை. உங்கள் கடையிலிருந்து ஒயர் இழுத்துத் தொங்கவிட்ட ஒரு பல்புதான் அந்த வரிசைக்கே வெளிச்சம். அந்த வெளிச்சத்தில் ஒரு பெண் பிளவுஸுக்கு ஹுக் தைத்துக்கொண்டிருந்தார். உங்களை அங்கே பார்க்க முடியவில்லை. அளவு எடுக்கப் போயிருப்பதாக அவர் சொன்னார்.

முதலில் பயத்தை இறக்கி வையுங்கள். "மூன்றில் இரண்டு பங்கு" என்று அவர்கள் சொல்வதில் உண்மை கலந்திருக்கிறது, அதனால்தான் அது மிரட்டுகிறது. முன்பெல்லாம் தனித்தனியாக விற்ற கட்டடத்தை இடித்துக் கட்ட வேண்டுமென்றால் எல்லா உரிமையாளரும் சம்மதிக்க வேண்டும். ஒருவர் மறுத்தாலும் வேலை நின்றுவிடும். 2024 மார்ச்சில் நடைமுறைக்கு வந்த தமிழ்நாடு அபார்ட்மென்ட் உரிமைச் சட்டம், 2022 இதை மாற்றிவிட்டது. மூன்றில் இரண்டு பங்கு உரிமையாளர்கள் ஒப்புக்கொண்டால் மறுகட்டுமானத்துக்குப் போகலாம். தனித்தனியாக விற்ற கடையும் அலுவலகமும்கூட இதற்குள் வரும். ஆக, நீங்கள் ஒருவர் மட்டும் மறுத்து இந்தத் திட்டத்தையே நிறுத்திவிட முடியும் என்று நான் உங்களுக்கு நம்பிக்கை கொடுக்க மாட்டேன்.

ஆனால் "ஒன்றும் கிடைக்காது" என்பது பச்சைப் பொய். பெரும்பான்மை சேர்ந்து கட்டடத்தை இடிக்க முடிவு செய்யலாம், உங்கள் சொத்தை உங்களிடமிருந்து எடுத்துக்கொள்ள முடியாது. சட்டத்தின் துணையின்றி யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்று அரசியல் சாசனத்தின் 300ஏ பிரிவு சொல்கிறது. உங்கள் பங்கு இன்னொருவர் பெயருக்கு மாற வேண்டுமென்றால் உரியவர்கள் கையெழுத்துப் போட்ட, பதிவு செய்த பத்திரம் வேண்டும். அப்புறம், மூன்றில் இரண்டு பங்கு உண்மையிலேயே வந்ததா என்றும் பாருங்கள். கடை உரிமையாளர் சங்கம் பதிவாகியிருக்கிறதா, பொதுக்குழு கூடியதா, தீர்மானப் புத்தகத்தில் யார் யார் கையெழுத்து இருக்கிறது, விற்காமல் புரமோட்டர் கையிலேயே இருக்கும் கடைகளை எப்படிக் கணக்கில் எடுத்தார்கள் என்பதையெல்லாம் எழுத்தில் கேளுங்கள். வாயால் கேட்டால் வாயால்தான் பதில் வரும்.

இப்போது முக்கியமான விஷயம். உங்கள் கிரயப் பத்திரத்தின் நகலை அனுப்பியிருந்தீர்கள். அதன் கடைசிப் பக்கத்துச் சொத்து விவரத்தில் 180 சதுர அடிக் கடையோடு இன்னொரு வரி இருக்கிறது: "110 சதுர அடி பிரிபடாத பாகம்". யூ.டி.எஸ் என்று எல்லோரும் சொல்வது இதைத்தான். மால் நிற்கும் நிலத்தில், தனியாகப் பிரித்துக் காட்டாத உங்கள் பங்கு அது. கட்டடத்துக்கு வயதாகும், ஷட்டர் துருப்பிடிக்கும், எஸ்கலேட்டர் நிற்கும். அந்த 110 சதுர அடி மண் அப்படியே இருக்கும். பில்டர் சென்னையிலிருந்து கிளம்பி வந்திருப்பது உங்கள் கடைக்காகவா? பஸ் ஸ்டாண்டுக்கு நடை தூரத்தில் இருக்கிற அந்த மண்ணுக்காக. நீங்கள் பேச வேண்டியதும் நிலத்துக்காரராகத்தான். இத்தனை நாளும் படுத்துப்போன மாலில் கடை வைத்திருக்கிற ஒருவராக உங்களை நினைத்துக்கொண்டு பேசியிருக்கிறீர்கள், அவர்களும் அப்படியே பேச வைத்திருக்கிறார்கள்.

அந்த மண்ணுக்கு ஒரு கணக்கு உண்டு. இவ்வளவு நிலத்தில் இவ்வளவு கட்டலாம் என்று அரசு விதிக்கும் அளவை எஃப்.எஸ்.ஐ என்பார்கள். முன்பு சாதாரணமாக அது 1.5. 2019இல் வந்த தமிழ்நாடு ஒருங்கிணைந்த கட்டட விதிகளில் அடிப்படை அளவு 2 ஆனது. அகலமான சாலை என்றால் கட்டணம் கட்டி இன்னும் கூடுதலாகவும் வாங்கலாம். உங்கள் 110ஐ இரண்டால் பெருக்கினால் 220 சதுர அடி கட்டும் உரிமை உங்கள் பங்கில் இருக்கிறது. பில்டர் தருவதாகச் சொல்வது 108. ஏறக்குறைய பாதி. கட்டும் செலவு முழுக்க அவருடையது என்பதால் பாதிக்குப் பாதி என்பதையே அநியாயம் என்று சொல்ல மாட்டேன், நிலத்துக்காரரும் பில்டரும் சேர்ந்து செய்யும் ஜாயின்ட் வென்ச்சரில் அப்படிப் பேசுவது வழக்கம்தான். ஆனால் அவர் இதை "பழைய கடையில் 60 சதவீதம்" என்று சொல்லியிருக்கிறார். அடிப்படையே தவறு. பழைய கடையை அளந்து பேசக் கூடாது, மண்ணை அளந்து பேச வேண்டும். கட்டணம் கட்டி வாங்கும் கூடுதல் எஃப்.எஸ்.ஐயில் உங்களுக்கு என்ன பங்கு என்பதை அவர் சொல்லவே இல்லை. அதைக் கேளுங்கள்.

அடுத்தது, 108 என்பது எந்த 108? உங்கள் 180 சதுர அடிக் கடையை அந்தப் பெண்ணிடம் டேப் வாங்கி அளந்தேன். உள்ளே 12க்கு 10, அதாவது 120தான் இருக்கிறது. மீதி 60 நடைபாதையிலும் படிக்கட்டிலும் கரைந்துவிட்டது. 2006இல் எல்லோரும் சூப்பர் பில்டப் கணக்கில்தான் விற்றார்கள். புதிய 108ம் அதே கணக்கு என்றால் உள்ளே 72 மிஞ்சும். இரண்டு மெஷினும் கட்டிங் டேபிளும் போட்டுவிட்டால் நீங்கள் நிற்க இடமிருக்காது. ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டம், 2016 வந்த பிறகு கார்பெட் ஏரியாவைத்தான், அதாவது உள்ளே புழங்கும் பரப்பைத்தான், சொல்லி விற்க வேண்டும். ஒப்பந்தத்திலும் அதுவே இருக்கட்டும்.

ஜெனரல் பவருக்கு வருகிறேன். நெல்லிக்குப்பம் பக்கத்திலிருந்து ஒரு பெரியவர் என்னிடம் வந்தார். "கையெழுத்துக்கு உங்களை அலைக்கழிக்க வேண்டாமே" என்று அன்பாகச் சொல்லி அவரிடம் பவர் எழுதி வாங்கியிருந்தார்கள். அதை வைத்து மொத்த நிலத்தையும் வங்கியில் அடமானம் காட்டிக் கடன் வாங்கிவிட்டார்கள். இரண்டாம் தளம் வரை தூண் எழுந்தது, பணம் நின்றது, வேலை நின்றது. ஒருநாள் காலையில் வங்கிக்காரர்கள் வந்து வராக் கடனுக்கு அடமானச் சொத்தை எடுத்துக்கொள்ள வங்கிக்கு அதிகாரம் தரும் சர்ஃபாசி சட்டத்தின் கீழ் நோட்டீஸ் ஒட்டிவிட்டுப் போனார்கள். தான் ஒரு ரூபாய்கூடக் கடன் வாங்காத நிலத்தில் தன் பெயரோடு ஒட்டியிருந்த அந்தத் தாளைக் கிழித்து மடித்து எடுத்து வந்திருந்தார். என் மேசை மேல் வைத்துவிட்டுப் பேசாமல் உட்கார்ந்திருந்தார். பவரை ரத்து செய்யலாமே என்றால் அதிலும் சிக்கல். பவர் வாங்கியவருக்கே அந்தச் சொத்தில் ஒரு பலன் இருந்தால், 1872ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டம் 202ஆவது பிரிவின்படி அதை நம் இஷ்டத்துக்கு ரத்து செய்ய முடியாது. பில்டர் வாங்கும் பவர் பெரும்பாலும் அந்த வகைதான்.

அதனால் முதலில் கூட்டுக் கட்டுமான ஒப்பந்தம். இரு தரப்பும் கையெழுத்துப் போட்டு, சப் ரிஜிஸ்ட்ரார் ஆபீசில் பதிவு செய்தது. அதற்குப் பிறகு, அதோடு இணைந்த சிறப்புப் பவர். பிளான் அனுமதி வாங்க, இடிக்க, கட்ட என்று வேலைகளைப் பெயர் சொல்லி எழுதுங்கள். உங்கள் பங்கை அடமானம் வைக்கவோ விற்கவோ அதிகாரம் இல்லை என்று வெளிப்படையாக ஒரு வரி எழுதுங்கள். பிளான் அனுமதி கையில் வராமல் கடைச் சாவியைக் கொடுக்காதீர்கள். இடிப்பதற்குக் காட்டும் அவசரம் கட்டுவதில் இருக்காது. இடித்த இடத்தில் தகரம் அடித்து, உள்ளே எருக்கஞ்செடி மண்டிக் கிடக்கும் மனைகள் எத்தனை பார்த்திருக்கிறோம்!

கட்டி முடிக்கிறவரை உங்கள் பிழைப்பு? மூன்று வருடம் ஆகும் என்று வையுங்கள். புதுப்பாளையத்திலோ மஞ்சக்குப்பத்திலோ தரைத்தளத்தில் ஒரு சின்னக் கடைக்கு என்ன வாடகையோ, அதை மாதாமாதம் பில்டர் கொடுக்க வேண்டும். அட்வான்சும் அவர் பொறுப்பு. அதற்கு வங்கி உத்தரவாதம் கேளுங்கள். செக் கொடுத்தால் போதாது. உங்கள் இரண்டு பெண்களின் சம்பளம் உங்கள் மனதில் இருக்கிறது என்பது கடிதத்திலேயே தெரிகிறது, பேச்சில் அதையும் தயங்காமல் சொல்லுங்கள். திட்டத்தில் கடைகளையும் வீடுகளையும் வெளியாருக்கு விற்கப்போகிறார்கள் என்பதால் தமிழ்நாடு ரெராவில், அதாவது ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையத்தில், பதிவு செய்ய வேண்டும். வாங்குபவர்கள் கட்டும் பணத்தில் 70 சதவீதத்தைத் தனிக் கணக்கில் போட்டு இந்தத் திட்டத்துக்கே செலவழிக்க வேண்டும் என்பது அந்தச் சட்டத்தின் விதி. பதிவு எண் இல்லாமல் விளம்பரப் பலகை வைத்தாலே உஷாராகிவிடுங்கள்.

பராமரிப்புப் பாக்கியை இப்போது கட்ட வேண்டாம், மறுக்கவும் வேண்டாம். ஓடாத எஸ்கலேட்டருக்கும் எரியாத விளக்குக்கும் போட்ட கணக்கைத் தணிக்கையோடு காட்டச் சொல்லி ஒரு பதிவுத் தபால் அனுப்புங்கள். கடைசிப் பேரத்தில் அது கரைந்துபோகும். "கட்டடம் ஆபத்தாக இருக்கிறது" என்று சொன்னால், கடற்கரை ஊரில் உப்புக் காற்றுக்குக் கம்பி துருப்பிடிப்பது நடக்கக் கூடியதே. ஆனால் அதை அவருடைய இன்ஜினியர் சொன்னால் போதாது. அரசுப் பொறியியல் கல்லூரி சிவில் துறையில் சோதித்து வாங்கிய அறிக்கையைச் சங்கம் கேட்கட்டும். வருமான வரி விஷயத்தில் ஒரு நல்ல செய்தி: பதிவு செய்த கூட்டுக் கட்டுமான ஒப்பந்தம் என்றால், தனிநபருக்கு மூலதன ஆதாய வரி கட்டட நிறைவுச் சான்று வரும் ஆண்டில்தான் வரும். 2017இல் கொண்டுவந்த மாற்றம் இது. உங்கள் ஆடிட்டரிடம் ஒருமுறை பேசிவிடுங்கள்.

புது மாலாவது ஓடுமா என்று கேட்டீர்கள். என்னை அதிகம் யோசிக்க வைத்த கேள்வி இதுதான். பழையது ஏன் படுத்தது? ஆன்லைன் என்பார்கள், கொரோனா என்பார்கள். ஜிஎஸ்டி வந்தால் புதுச்சேரிக்கும் நமக்கும் இருந்த வரி வித்தியாசம் போய்விடும், டிவியும் பிரிட்ஜும் வாங்க ஜனங்கள் எல்லை தாண்ட மாட்டார்கள் என்று 2017இல் நம் வியாபாரிகள் பலர் நம்பினார்கள். விலை வித்தியாசம் போனது. ஆனால் ஞாயிற்றுக்கிழமை போகிற கார் நிற்கவில்லை. இருபத்து சொச்சம் கிலோமீட்டர்தானே, சினிமா பார்த்து, சாப்பிட்டு, பீச்சில் நடந்து, பெட்ரோலும் போட்டுக்கொண்டு வரலாம். இவையெல்லாம் காரணங்கள்தாம். ஆனால் லாரன்ஸ் ரோட்டுக் கடைகளுக்கும் இதே ஆன்லைனும் கொரோனாவும் வந்தன. அங்கே கூட்டம் குறையவில்லையே!

என் கணிப்பு இது. அந்த மாலைக் கட்டியவர் கடைகளைத் தனித்தனியாக விற்றுவிட்டுக் கையைக் கழுவிவிட்டார். நூற்றுக்கும் மேற்பட்ட முதலாளிகள், ஒரு நிர்வாகி இல்லை. எந்தக் கடைக்குப் பக்கத்தில் எந்தக் கடை வர வேண்டும் என்று சொல்ல ஆளில்லை. கீழே சூப்பர் மார்க்கெட் காலி செய்தபோது இன்னொன்றைக் கூட்டி வர யாருக்கும் பொறுப்பில்லை. பத்துப் பேர் பராமரிப்புக் கட்டாவிட்டால் ஒரு விளக்கு அணைகிறது, விளக்கு அணைந்தால் இன்னும் பத்துப் பேர் கட்டுவதை நிறுத்துகிறார்கள். சென்னை ஸ்பென்சர் பிளாசாவை யோசித்துப் பாருங்கள். 1983 தீ விபத்துக்குப் பிறகு எழுந்த புதுக் கட்டடம், தொண்ணூறுகளில் சென்னைக்குப் போனால் ஸ்பென்சர் பார்க்காமல் யார் திரும்பினார்கள்? அங்கேயும் கடைகள் பல கைகளுக்குப் போயிருந்தன. 2010இல் எக்ஸ்பிரஸ் அவென்யூவும், 2013இல் வேளச்சேரி ஃபீனிக்ஸும் வந்தபோது ஸ்பென்சரால் நிமிர முடியவில்லை. புதிதாக வந்தவர்கள் கடைகளை விற்காமல் வாடகைக்கு விட்டார்கள். ஒரே கை நடத்தியது.

புதிய திட்டத்தில் மேலே வீடு, ஹோட்டல், கீழே கடை என்பது நல்ல யோசனைதான். மேலே குடியிருப்பவர்கள் கீழே பால் வாங்குவார்கள். ஆனால் கடைகளை மறுபடியும் நூறு துண்டாக்கி விற்றால், இன்னும் பதினைந்து வருடத்தில் இதே கடிதத்தை உங்கள் மகள் எழுத வேண்டி வரும். இரண்டாம் மாடியில் 72 சதுர அடியை யார் வாடகைக்கு எடுப்பார்கள்? எம்.புதூர் பக்கம் புதிய பஸ் ஸ்டாண்டு என்ற பேச்சும் இருக்கிறது. அது நடந்தால் நடந்துபோகும் கூட்டமும் கொஞ்சம் திசை மாறும்.

எனக்குத் தோன்றுவதைச் சொல்கிறேன். உங்களைப் போன்ற சிறு உரிமையாளர்கள் ஒன்றுசேர்ந்து, ஆளுக்கொரு பெட்டிக் கடை வேண்டாம், எங்கள் எல்லோருக்கும் சேர்த்துத் தரைத்தளத்தில் சாலையைப் பார்த்த மாதிரி ஒரே பகுதியாகக் கொடுங்கள் என்று கேளுங்கள். பரப்பு கொஞ்சம் குறைந்தாலும் பரவாயில்லை, தரைத்தள வாடகை வேறு, இரண்டாம் மாடி வாடகை வேறு. அந்தப் பகுதி முழுவதையும் ஒரு சூப்பர் மார்க்கெட்டுக்கோ ஸ்கேன் சென்டருக்கோ மொத்தமாக வாடகைக்கு விட்டு, யூ.டி.எஸ் விகிதத்தில் பிரித்துக்கொள்ளலாம். தினமும் ஆள் வரும் இடமாக இருப்பதுதான் முக்கியம், அது துணிக்கடையாகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை. அமெரிக்காவில் நாஷ்வில் நகரத்தில் படுத்துப்போன ஒரு மாலின் மாடியில் 2009இல் பல்கலைக்கழக மருத்துவமனை ஒன்று புறநோயாளிப் பிரிவுகளைக் கொண்டுவந்தது. ஆஸ்டின் நகரத்தில் ஒரு பழைய மால் கல்லூரியாகவே மாறிவிட்டது. வருகிற வாடகைப் பங்கில் நீங்கள் தெருவைப் பார்த்த மாதிரி ஒரு தையல் கடை எடுத்துக்கொள்ளலாம். பிளவுஸ் தைக்கக் கொடுக்க வருகிற பெண்கள் நின்றுபோன எஸ்கலேட்டரில் ஏற வேண்டியிருக்காது.

இதற்குக் குறைந்தது முப்பது நாற்பது பேராவது சேர வேண்டும். கஷ்டம்தான். அந்த மாடியில் திறந்திருக்கும் ஒன்பது கடைகளிலிருந்து ஆரம்பியுங்கள்.

கடைசியாக, நீங்கள் கேட்காத ஒன்று. பத்திரம் உங்கள் கணவர் பெயரில் இருக்கிறது, உயில் இல்லை. இந்து வாரிசுரிமைச் சட்டப்படி உங்களுக்கும் மகனுக்கும் மகளுக்கும் மட்டுமல்ல, கணவரின் தாயாருக்கும் சம பங்கு உண்டு. பலரும் தாயாரை மறந்துவிடுகிறார்கள். பண்ருட்டியில் மைத்துனர் வீட்டில் மாமியார் இருப்பதாக, 84 வயது என்று, ஓர் இடத்தில் போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்கள். கால் பங்கு அவருடையது. அவர் காலத்துக்குப் பிறகு அந்தக் கால் பங்கு அவருடைய மற்ற பிள்ளைகளுக்கும் பிரியும், அப்புறம் ஒரு கையெழுத்துக்குப் பத்துப் பேர் வீட்டு வாசலில் நிற்க வேண்டி வரும். அவர் மனமுவந்து கொடுப்பதாக இருந்தால் இப்போதே விடுதலைப் பத்திரம் பதிவு செய்துவிடலாம். குடும்பத்துக்குள் என்றால் முத்திரைத் தீர்வைக்கு உச்சவரம்பு உண்டு. தன் பங்கை வைத்துக்கொள்ள விரும்பினால் அதுவும் அவர் உரிமை, ஒப்பந்தத்தில் அவரும் ஒரு கையெழுத்து, அவ்வளவுதான். எதுவானாலும் அவரிடம் நீங்களே போய் நிதானமாகச் சொல்லுங்கள், பில்டரின் ஆள் முந்திக்கொள்ள வேண்டாம்.

தாசில்தார் அலுவலகத்தில் வாரிசுச் சான்றுக்கு இந்த வாரமே விண்ணப்பியுங்கள். 2006லிருந்து இன்றுவரை வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். பில்டர் தரப்பில் யார் கேட்டாலும் ஜெராக்ஸ் மட்டும் கொடுங்கள். அசல் பத்திரம் பீரோவை விட்டு வெளியே வர வேண்டாம்.